இரவல் குழந்தையின் படம்: 1863-ல் ஒரு கல்யாணம் கடைச்சரக்கான கதை

உள்ளங்கையில் அடங்கிவிடும் அட்டை அது. இரண்டரை அங்குல அகலம், நான்கு அங்குல உயரம். அதில் ஒட்டியிருக்கும் பழுப்பேறிய படத்தில் நன்றாக உடுத்திய ஒரு கணவன், மனைவி, ஒரு கைக்குழந்தை. அமெரிக்காவில் எத்தனையோ வீடுகளின் ஆல்பங்களுக்குள் இந்த அட்டை போய் உட்கார்ந்தது. கணவர் சார்லஸ் ஸ்ட்ராட்டன். ‘ஜெனரல் டாம் தம்’ என்று சொன்னால்தான் ஊருக்குத் தெரியும். மனைவி லவினியா வாரன். இருவருமே மூன்றடிக்கும் குறைவான உயரம். படத்தில் இருப்பவர்களில் குழந்தை மட்டும் அவர்களுடையது இல்லை.

அந்தக் குழந்தை எப்படிப் படத்துக்குள் வந்தது என்று தேடிப் போனால், பிப்ரவரி 10, 1863 அன்று நியூயார்க்கில் நடந்த ஒரு கல்யாணத்தில் போய் நிற்போம். ஜனங்களுக்குக் காசுக்கு வேடிக்கை காட்டிய அமெரிக்க வியாபாரி பி. டி. பார்னத்தைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் அவருடைய புரட்டுகளை வரிசையாக எண்ணிக்காட்டுவார்கள். என் கவனம் அந்த அட்டையின் மேல். வேடிக்கை பார்க்கக் கொடுக்கும் காசும், அந்த வேடிக்கையைக் கையோடு வீட்டுக்கு எடுத்துப்போகக் கொடுக்கும் காசும் ஒன்றையொன்று எப்படி வளர்த்தன என்பதை இந்தக் கல்யாணத்தைப்போலத் தெளிவாகக் காட்டும் நிகழ்வு அந்த நூற்றாண்டில் வேறொன்று எனக்குத் தெரியவில்லை.

நாலு வயதுப் பையனுக்கு ‘பதினொன்று’

சார்லஸ் ஸ்ட்ராட்டன் 1838 ஜனவரி 4-ல் கனெக்டிகட் மாநிலத்தின் பிரிட்ஜ்போர்ட்டில் பிறந்தார். ஆறேழு மாதத்தில் வளர்ச்சி நின்றுபோனது. 1842 நவம்பரில் பார்னம் அவரைப் பார்த்தபோது உயரம் 25 அங்குலம், எடை 15 பவுண்டு. ஐந்து வயதுகூட நிரம்பவில்லை. வாரம் 3 டாலர், தாய்க்கும் மகனுக்கும் சாப்பாடு, பயணச் செலவு என்று முதலில் நான்கு வாரத்துக்கு மட்டும் பேசினார்கள். விளம்பரத்தில் பையனுக்கு வயது பதினொன்று, இங்கிலாந்திலிருந்து வந்தவன் என்று அச்சாயிற்று. ஐந்து வயது என்று சொன்னால் ‘நாளைக்கு வளர்ந்துவிடுவான்’ என்று ஜனங்கள் சந்தேகப்படுவார்கள் என்பது பார்னமே பின்னால் சொன்ன காரணம்.

பார்னம் அதற்கு முன்பே இந்தத் தொழிலில் கை நனைத்தவர். 1835-ல் ஜாய்ஸ் ஹெத் என்ற கறுப்பின அடிமை மூதாட்டியைக் காட்சிக்கு வைக்கும் உரிமையை 1,000 டாலருக்கு வாங்கி, ஜார்ஜ் வாஷிங்டனை வளர்த்த செவிலி, வயது 161 என்று ஊர் ஊராகக் காட்டினார். அடுத்த ஆண்டு அந்தப் பெண் இறந்தபோது உடலைப் பொதுமக்கள் முன்னிலையில் அறுத்துப் பார்த்தார்கள். அதற்கும் 50 சென்ட் சீட்டு. வயது எண்பதுக்கு மேல் இருக்காது என்றார் அறுவை மருத்துவர். பார்னத்தின் பிற்கால வெற்றிகளைப் படிக்கும்போதெல்லாம் இந்தப் பெண்மணி என் நினைவுக்கு வந்துவிடுவார். உயிரோடு இருந்தபோதும் இறந்த பிறகும் தன் உடம்புக்கு யார் காசு வாங்குவது என்பதில் ஜாய்ஸ் ஹெத்துக்கு ஒரு சொல்கூட இருக்கவில்லை.

ஸ்ட்ராட்டன் விஷயம் அப்படியே போகவில்லை. பையனுக்கு மேடை இயல்பாக வந்தது. நெப்போலியன் வேடம், மன்மதன் வேடம், பாட்டு, ஆட்டம், வெடுக்கென்று பதில். 1844-ல் பார்னம் அவனை லண்டனுக்கு அழைத்துப் போனார். விக்டோரியா மகாராணி அரண்மனைக்கு அழைத்தார். அரசிக்கு முதுகு காட்டக் கூடாது என்பதால் பின்னோக்கி நடந்தே வெளியேற வேண்டும். நீண்ட கூடத்தில் சின்னக் கால்களால் அந்த வேகத்துக்கு ஈடுகொடுக்க முடியாமல், பையன் அவ்வப்போது திரும்பி ஓடி, மறுபடி நின்று பின்னோக்கி நடந்தான். அந்த ஓட்டத்தைக் கண்டு அரசியின் நாய் குரைத்துக்கொண்டு பாய, அவன் கைத்தடியை வாள்போல வீசிச் சண்டைக்கு நின்றான். இதை எழுதி வைத்தவர் பார்னம். கொஞ்சம் கூட்டிச் சொல்லியிருக்கலாம். ஆனால் அரண்மனைச் செய்தி பத்திரிகையில் வந்ததும் லண்டன் முழுக்க சீட்டுக்கு நின்றது உண்மை.

அந்தக் கூட்டத்தின் அளவை இன்னொருவருடைய துயரத்தால் அளக்கலாம். 1846-ல் லண்டன் பிக்கடில்லியிலிருந்த எகிப்தியன் ஹாலில் ஒரு பக்கம் டாம் தம். மறுபக்கம் பெஞ்சமின் ராபர்ட் ஹேடன் என்ற ஓவியரின் கண்காட்சி. சரித்திர ஓவியத்துக்கே வாழ்நாளைக் கொடுத்தவர், கடனில் மூழ்கியிருந்தவர். ஒரு வாரத்தில் டாம் தம்மைப் பார்க்க 12,000 பேர், தன் படங்களைப் பார்க்க 133½ பேர், அந்த அரை ஒரு சிறுமி என்று கசந்து எழுதினார். அந்த ஜூன் மாதத்தில் அவர் தற்கொலை செய்துகொண்டார். கடனும் நெடுநாள் மனவலியும் சேர்ந்த முடிவு அது. ஒரு சிறுவனின் தலையில் அந்தப் பழியைப் போடுவது நியாயமில்லை. ஆனால் ரசனையைச் சபையோர் தீர்மானித்த காலம் போய், சீட்டு வாங்குகிறவர்கள் தீர்மானிக்கும் காலம் வந்துவிட்டதை அந்த இரண்டு எண்கள் அழுத்திச் சொல்கின்றன.

படம் பெருகிய விதம்

1839-ல் வெளியான டகேரோடைப் முறையில் வெள்ளி பூசிய தகட்டில் ஒரே ஒரு படம்தான் கிடைக்கும். பிரதி எடுக்க வழி இல்லை. 1851-ல் ஃப்ரெடரிக் ஸ்காட் ஆர்ச்சர் கண்ணாடித் தகட்டில் நெகட்டிவ் எடுக்கும் ஈரக் கலோடியன் முறையை வெளியிட்டார். தகட்டில் மருந்து பூசி, காய்வதற்குள் படம் எடுத்து, காய்வதற்குள் கழுவியாக வேண்டும். தொல்லைதான். ஆனால் ஒரு நெகட்டிவ் கையில் இருந்தால், முட்டை வெள்ளைக்கரு பூசிய தாளில் வெயிலில் வைத்து எத்தனை பிரதி வேண்டுமானாலும் எடுக்கலாம்.

1854 நவம்பரில் பாரிஸ் நகரத்து தீஸ்தெரி இன்னொரு படி போனார். பல லென்ஸ் பொருத்திய கேமராவால் ஒரே கண்ணாடியில் எட்டுச் சின்னப் படங்கள். ஒரு தடவை அச்செடுத்து, எட்டாக வெட்டி, விசிட்டிங் கார்டு அளவு அட்டையில் ஒட்டினால் வேலை முடிந்தது. ‘கார்ட் தெ விசித்’ என்ற பெயர் அதனால் வந்தது. விலை சடாரென்று இறங்கியது. 1860-ல் மகாராணி குடும்பத்தின் படங்களை லண்டனில் ஜான் மயால் இதே அளவில் வெளியிட்ட பிறகு, தெரியாதவர்களின் முகத்தைக் காசு கொடுத்து வாங்குவது மரியாதைக்குரிய பொழுதுபோக்காகிவிட்டது. ஆல்பத்தில் தாத்தா, பாட்டி, அத்தை. அடுத்த பக்கத்தில் அரசி, தளபதி, நடிகை. எல்லாருக்கும் ஒரே அளவு ஜன்னல். மூன்றடி மனிதருக்கும் ஆறடித் தளபதிக்கும் அங்கே ஒரே உயரம்தான்.

பிராட்வே என்ற ஒரே தெரு

விநோதங்களையும் மனிதர்களையும் காசுக்குக் காட்டிய பார்னத்தின் அமெரிக்கன் மியூசியம் இருந்தது பிராட்வேயும் ஆன் தெருவும் சந்திக்கும் முனையில். கல்யாணம் நடந்த கிரேஸ் சர்ச் இருப்பது பிராட்வேயும் பத்தாம் தெருவும் சந்திக்கும் இடத்தில். மாத்யூ பிராடியின் புகைப்படக் கூடமும் அதே பத்தாம் தெரு முனையில்தான், ஏறக்குறைய சர்ச்சுக்கு எதிரே. வரவேற்பு நடந்த மெட்ரோபாலிடன் ஹோட்டல் பிராட்வேயில். பிராடியின் நெகட்டிவிலிருந்து அட்டைகளை அச்சிட்டு நாடு முழுக்க விற்ற ஆந்தனி சகோதரர்களின் கடையும் பிராட்வேயில்தான், 501-ஆம் எண். காட்சி, சடங்கு, படம், விருந்து, விற்பனை எல்லாம் ஒரே தெருவில் நடந்து முடிந்தன.

லவினியா 1841-ல் மாசசூசெட்ஸ் மாநிலத்தின் மிடில்பரோவில் பிறந்தவர். உயரம் 32 அங்குலம். பதினாறு வயதில் பள்ளிக்கூட ஆசிரியை. வகுப்பிலிருந்த சின்னப் பிள்ளைகள்கூட அவரைவிட உயரம். பிறகு மிசிசிப்பி ஆற்றில் ஓடிய காட்சிப் படகொன்றில் பாடினார். 1862-ல் பார்னம் தேடி வந்தார். பெற்றோர் முதலில் தயங்கினார்கள். பார்னத்தின் பெயரே அவ்வளவு கெட்டிருந்தது. ‘பம்ப்’ என்ற குடும்பப் பெயர் மேடைக்கு ஒத்துவராது என்று வெட்டப்பட்டு, ‘லவினியா வாரன்’ மட்டும் நின்றது. தன்னைக் குழந்தையாக நினைத்து ஆட்கள் தூக்கிக் கொஞ்ச வருவதைப் பற்றி லவினியா பின்னாளில் எழுதியிருக்கிறார். தான் வளர்ந்த பெண், தனக்கும் பெண்ணுக்குரிய கூச்சம் உண்டு என்பதை ஜனங்களுக்குப் புரியவைப்பது எவ்வளவு கடினமாக இருந்தது என்பது அவருடைய வருத்தம்.

ஸ்ட்ராட்டன் அவரைப் பார்த்தார், விரும்பினார், பிரிட்ஜ்போர்ட்டில் பார்னத்தின் வீட்டில் வைத்துக் கேட்டார், லவினியா சம்மதித்தார். பார்னம் கட்டிவைத்த கல்யாணம் என்ற பேச்சு அப்போதே கிளம்பியது. மணப்பெண்ணின் தாய்க்கும் அந்தச் சந்தேகம் இருந்தது. அதை நான் நம்பவில்லை. ஸ்ட்ராட்டனுக்கு அப்போது வயது 25, கையில் சொந்தச் சொத்து. 1856-ல் பார்னம் ஒரு கடிகாரக் கம்பெனியால் திவாலானபோது, உதவிக்கு வருகிறேன் என்று கடிதம் எழுதி, அவரோடு மறுபடி ஐரோப்பா போய்ச் சம்பாதித்துக் கொடுத்தவர் இந்த ‘சின்ன மனிதர்’தான். இழுத்த இழுப்புக்கு வரும் நிலையில் அவர் இல்லை.

பார்னம் செய்தது, நிச்சயமான கல்யாணத்தைக் காசாக்கியது. அறிவிப்பு வந்ததும் மியூசியத்தில் கூட்டம் நெரிந்தது. மியூசிய வசூல் பல நாள் 3,000 டாலரைத் தாண்டியது என்றும், லவினியா தன் அட்டைப் படங்களை மட்டும் நாளொன்றுக்கு 300 டாலருக்கு மேல் வாரக்கணக்கில் விற்றார் என்றும் பார்னம் எழுதுகிறார். அட்டை ஒன்று 25 சென்ட் என்று வைத்துக்கொண்டால், ஒரு நாளில் 1,200 அட்டைகள். மியூசியத்துக்குள் நுழையவும் அதே 25 சென்ட்தான். அப்படியானால் உள்ளே வந்தவர்களில் பத்தில் ஒருவர், பார்த்த முகத்தை இன்னொரு சீட்டுக் காசு கொடுத்து வாங்கிக்கொண்டு போயிருக்கிறார். இந்த ஆய்வில் எனக்குக் கிடைத்த மிக முக்கியமான கணக்கு இதுதான். ஒவ்வொரு அட்டையும் இன்னொரு ஊரில், இன்னொரு கூடத்தில், இன்னும் வராதவர்களின் ஆசையைக் கிளறிக்கொண்டிருந்தது. விளம்பரத்துக்குப் பார்னம் செலவழிப்பது போக, விளம்பரத்தை ஜனங்களே காசு கொடுத்து வாங்கிப் பரப்பிய ஏற்பாடு இது.

கல்யாணத்தை ஒரு மாதம் தள்ளிப்போட்டு, அதுவரை மியூசியத்தில் தோன்றினால் 15,000 டாலர் தருவதாகப் பார்னம் சொன்னார். ஐம்பதாயிரம் கொடுத்தாலும் மாட்டேன் என்றார் ஸ்ட்ராட்டன். லட்சம் கொடுத்தாலும் மாட்டேன் என்று சொல்லியிருக்க வேண்டும் என்று லவினியா திருத்தினாராம். இதையும் பதிவு செய்தவர் பார்னமே.

நாடோ ரத்தத்தில் நின்றது. அமெரிக்க உள்நாட்டுப் போரின் இரண்டாவது குளிர்காலம். 1862 டிசம்பரில் ஃப்ரெடரிக்ஸ்பர்க்கில் வடக்குப் படை நொறுங்கியிருந்தது. அதற்கும் இரண்டு மாதம் முன்பு, பத்தாம் தெரு முனையிலிருந்த அதே பிராடி கூடத்தில், ஆண்டீட்டம் போர்க்களத்துப் பிணங்களின் படங்கள் காட்சிக்கு வைக்கப்பட்டன. எடுத்தவர்கள் அலெக்சாண்டர் கார்ட்னரும் ஜேம்ஸ் கிப்சனும். வாசலில் இருந்தது பிராடியின் பெயர். போரில் செத்தவர்களின் வீங்கிய முகத்தை நியூயார்க் ஜனங்கள் முதன்முறையாகப் படத்தில் பார்த்தது அங்கேதான். பிறகு அதே கூடத்தில் மணமக்கள் வந்து நின்றார்கள். அதே கண்ணாடி, அதே மருந்து. இரண்டு வகைப் படங்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தபோதுதான் இந்தக் கல்யாணத்துக்கு ஏன் அவ்வளவு கூட்டம் வந்தது என்பது எனக்குப் பிடிபட்டது. ஜனங்களை அற்ப ஆசைக்காரர்கள் என்று ஏச எனக்கு மனம் வரவில்லை. மகன்களைப் பறிகொடுத்துக்கொண்டிருந்த ஊர், சாவு இல்லாத ஒரு செய்தியைத் தேடிப் போனது.

பிப்ரவரி 10 அன்று கிரேஸ் சர்ச்சில் அழைப்புள்ளவர்களுக்கு மட்டும் இடம். ஓர் இடத்துக்கு 60 டாலர் வரை கொடுக்க ஆள் இருந்தும் தான் விற்கவில்லை என்று பார்னம் பெருமைப்பட்டுக்கொண்டார். வந்தவர்களில் ஃப்ரெடரிக்ஸ்பர்க்கில் தோற்ற தளபதி பர்ன்சைடும் ஒருவர். மாப்பிள்ளைத் தோழர், இன்னொரு குறுவடிவ நடிகரான ‘கமடோர்’ நட். மணப்பெண் தோழி, லவினியாவின் தங்கை மின்னி, அக்காவைவிடக் குட்டை. வரவேற்பில் மணமக்களைப் பெரிய பியானோவின் மேல் நிற்க வைத்தார்கள். விருந்தினர் கண்ணுக்கு நேராகப் பார்த்துக் கைகுலுக்கிப் போனார்கள். மூன்றாம் நாள் லிங்கன் தம்பதி வெள்ளை மாளிகையில் அவர்களை வரவேற்றார்கள்.

சர்ச்சுக்குள் படம் எடுக்கவில்லை. அந்த வெளிச்சத்தில் ஈரத் தகடு ஒத்துழைத்திருக்காது. கல்யாணப் படங்கள் என்று நாடு வாங்கியவை எல்லாம் ஸ்டூடியோவில் நிற்க வைத்து எடுத்தவை: பாதிரியார், மணமக்கள், தோழன், தோழி, அதே உடை, அதே பூச்செண்டு, பின்னால் ஸ்டூடியோச் சாமான். நடந்த சடங்குக்கும் விற்ற படத்துக்கும் நடுவில் அப்போதே ஒரு சிறு இடைவெளி விழுந்துவிட்டது. அந்த இடைவெளிக்குள்தான் குழந்தை நுழைந்தது.

குழந்தை

கல்யாணம் ஆயிற்று, அடுத்து என்ன என்று ஜனங்கள் கேட்பார்கள். அட்டை வியாபாரத்துக்கும் அதே கேள்விதான். ஒரு படத்தை ஒரு வீட்டுக்கு ஒரு தடவைதான் விற்க முடியும். புதுப் படம் வேண்டுமென்றால் புதுச் செய்தி வேண்டும். தம்பதி கைக்குழந்தையோடு ஸ்டூடியோவில் தோன்றினார்கள். அந்த அட்டை நன்றாக விற்றது. ஐரோப்பியப் பயணத்தில் குழந்தையும் மேடைக்கு வந்தது. பிறகு ஒரு கட்டத்தில், குழந்தை இறந்துவிட்டது என்று அறிவித்துக் கதையை முடித்தார்கள்.

1901-ல் லவினியா உண்மையைச் சொன்னார். தனக்குக் குழந்தை பிறக்கவே இல்லை. அனாதைக் குழந்தைகள் இல்லத்திலிருந்து வாங்கிய குழந்தை அது. வளர்ந்துவிட்டால் படத்துக்கும் மேடைக்கும் பொருந்தாது என்பதால் அவ்வப்போது வேறு குழந்தை. எந்த நாட்டுக்குப் போனாலும் அந்தந்த நாட்டுக் குழந்தை.

இதைப் பார்னத்தின் இன்னொரு குறும்பு என்று சிரித்துக்கொண்டே எழுதிப் போகிறவர்கள் உண்டு. எனக்குச் சிரிப்பு வரவில்லை. தாயாகாத ஒரு பெண், ஊர் மாறும்போதெல்லாம் வேறொரு பிள்ளையை ஏந்தி, இது என் குழந்தை என்று சபை நடுவே நின்றிருக்கிறார். அந்தப் பிள்ளைகளுக்கோ பெயர்கூட மிஞ்சவில்லை; அட்டையின் பின்னால் ஸ்டூடியோவின் பெயரும் கடையின் பெயரும்தான். 1864 செப்டம்பரிலிருந்து 1866 ஆகஸ்ட் வரை போர்ச் செலவுக்காக அமெரிக்க அரசு புகைப்படங்களுக்கு வரி போட்டது. 25 சென்ட் வரையிலான படத்துக்கு, தபால்தலை போன்ற 2 சென்ட் வரித்தலை ஒட்ட வேண்டும். பழைய அட்டைகளைத் திருப்பிப் பார்த்து, வரித்தலை ஒட்டியிருந்தால் காலத்தைக் கணித்துவிடலாம். குழந்தை யார் என்று கணிக்க அப்படி எந்தக் குறியும் அதில் கிடையாது.

தங்கை மின்னிக்கு நடந்ததை இதனோடு சேர்த்து நினைக்காமல் இருக்க முடியவில்லை. மின்னி திருமணமாகி, உண்மையாகவே கருவுற்றார். 1878 ஜூலையில் பிரசவத்தில் இறந்துபோனார்.

சாட்சிக் கூண்டில் பார்னம்

1869-ல் வில்லியம் மம்லர் என்ற படக்காரர் நியூயார்க்கில் கைதானார். இறந்தவர்களின் ஆவி பின்னால் நிற்பதுபோலப் படம் எடுத்து, டஜன் 10 டாலருக்கு விற்றவர். போரில் பிள்ளையை இழந்த தாய்மார்கள் அவரிடம் போனார்கள். வழக்கில் அரசுத் தரப்புச் சாட்சியாக வந்தவர் பார்னம். ஆவிப் படத்தை ஏமாற்று வேலையாகச் செய்யலாம் என்று காட்ட, ஆபிரகாம் பொகார்டஸ் என்ற புகைப்படக்காரரிடம் போய், தன் பின்னால் லிங்கனின் ஆவி நிற்பதுபோல ஒரு படம் எடுத்து நீதிமன்றத்துக்குக் கொண்டுவந்தார். மம்லர் செய்த முறையை நிரூபிக்கப் போதிய சாட்சியம் இல்லை என்று நீதிபதி டவுலிங் அவரை விடுவித்தார்.

குறுக்கு விசாரணையில் பார்னத்தின் பழைய வேலைகளைக் கிளறினார்கள். கொடுத்த காசுக்கு ஜனங்களுக்கு ஏதாவது கிடைக்கும்படித்தான் தான் நடந்துகொண்டதாக அவர் நிலைப்பாடு. துக்கத்தில் இருப்பவர்களிடம் காசு பிடுங்குவதை அவர் வெறுத்தார் என்பதை நான் நம்புகிறேன். அந்தக் கோபம் உண்மையானது. ஆனாலும் ஜாய்ஸ் ஹெத்தின் உடலுக்குச் சீட்டு விற்றவரும், இரவல் குழந்தையின் படம் விற்ற காட்சியின் பின்னால் நின்றவரும் இவர்தான். மம்லர் விற்றது துக்கத்துக்கு, பார்னம் விற்றது குதூகலத்துக்கு. புகைப்படம் பொய் சொல்லாது என்ற ஜனங்களின் நம்பிக்கைதான் இருவருக்கும் மூலதனம்.

அதே 1869 ஜூனில் ஸ்ட்ராட்டன், லவினியா, மின்னி, நட் நால்வரும் உலகப் பயணம் கிளம்பினார்கள். புதிதாக முடிந்திருந்த ரயில் பாதையில் மேற்குக் கரைக்கு. அங்கிருந்து ஜப்பான், சீனா, ஆஸ்திரேலியா, இந்தியா, எகிப்து, ஐரோப்பா. 1872-ல் திரும்பியபோது 587 ஊர்கள், 1,471 காட்சிகள், 55,487 மைல் என்று கணக்கு வைத்திருந்தார்கள்.

ஸ்ட்ராட்டன் 1883 ஜூலை 15-ல் மிடில்பரோவில் 45 வயதில் இறந்தார். பிரிட்ஜ்போர்ட்டில் நடந்த இறுதிச் சடங்குக்கு ஆயிரக்கணக்கானோர் திரண்டார்கள். பணத்தைத் தாராளமாகச் செலவழித்தவர்; லவினியாவுக்கு மிஞ்சியது அதிகமில்லை. 1885-ல் லவினியா ப்ரிமோ மாக்ரி என்ற இத்தாலியக் குறுவடிவ நடிகரை மணந்தார். மேடையை விடவில்லை. அட்டைப் படத்தில் தொடங்கியவர் 1915-ல், எழுபது வயது தாண்டிய பிறகு, ஒரு மௌனப் படத்திலும் நடித்தார்.

பிரிட்ஜ்போர்ட்டின் மவுண்டன் குரோவ் கல்லறைத் தோட்டத்தில் உயரமான தூணின் உச்சியில் ஸ்ட்ராட்டனின் சிலை அவருடைய சொந்த உயரத்திலேயே நிற்கிறது. 1891-ல் இறந்த பார்னமும் அதே தோட்டத்தில்தான் புதைக்கப்பட்டார். 1919 நவம்பரில் லவினியாவை ஸ்ட்ராட்டனின் பக்கத்தில் வைத்தார்கள். அவர் தலைமாட்டிலுள்ள சின்னக் கல்லில் இரண்டே சொற்கள்: ‘அவருடைய மனைவி’.